காதலன் கவர்னரும் துக்ளக் எழுதியவரும் ஒரே ஆளா? கிரீஷ் கார்னாட்டை எங்கிருந்து ஆரம்பிக்கலாம்?

பிடிஎம்_நெல்லை:

எல்லாருக்கும் வணக்கம். சொந்த ஊர் திருநெல்வேலி. வேலை பெங்களூர்ல, ஜாகை பி.டி.எம். லேஅவுட்ல. கன்னடம் காய்கறிக் கடை, ஆட்டோ, வீட்டு ஓனர் வரைக்கும் வரும். எழுத்துக் கூட்டிப் படிக்க இன்னும் வரலை.

எங்க டீம்ல ஹுப்ளிப் பொண்ணு ஒருத்தங்க இருக்காங்க. காலேஜ்லேர்ந்து நாடகம் நடிக்கிறவங்க. கிரீஷ் கார்னாட்னு பேரெடுத்தாலே அவங்க குரல் மாறிடுது. எனக்கு அவரைத் தெரிஞ்சதெல்லாம் சினிமாவுலதான். ‘காதலன்’ல கவர்னர், ‘மின்சார கனவு’ல கஜோலோட அப்பா. போன்ல அம்மாகிட்ட சொன்னேன். “தூர்தர்ஷன்ல மால்குடி டேஸ் போட்டப்ப சுவாமிக்கு அப்பாவா வருவாரே, அவர்தானே”ன்னாங்க. இவர்தான் ஞானபீட விருது வாங்கின நாடகாசிரியர்னு தெரிஞ்சதும் முழுசா தெரிஞ்சுக்கணும்னு ஆசையா இருக்கு.

இவர் எழுத்தாளரா, நடிகரா? எதை முதல்ல வச்சுப் பார்க்கணும்? அவ்வளவு பெரிய நாடகம் எழுதினவர் மசாலாப் படத்துல வில்லனா ஏன் நடிக்கணும்? ‘துக்ளக்’ இவரோடதுங்கிறாங்க, அது சோ எழுதினது இல்லையா? என் கன்னடத்தை வச்சுக்கிட்டு எதைப் படிக்கலாம், எதைப் பார்க்கலாம்? இங்க நாடகம் பார்க்கிற தமிழர்கள் யாராவது இருந்தா சொல்லுங்க.

ராஜாஜிநகர்_செல்வி:

சோ விஷயத்தை மட்டும் நான் தீர்த்துடறேன் தம்பி. ரெண்டும் வேற வேற நாடகம். சோவோடது ‘முகமது பின் துக்ளக்’. 1968ல மேடையேறின அரசியல் நையாண்டி, 1971ல படமாவும் வந்துச்சு. அதுல துக்ளக் நம்ம காலத்துல எழுந்து வந்து தேர்தல் வரைக்கும் போறார். கார்னாட்டோட ‘துக்ளக்’ 1964, கன்னடம். அது 14ஆம் நூற்றாண்டை விட்டு வெளியே வராது. ஆனா பார்க்கிறவங்க எல்லாரும் அவங்கவங்க காலத்து அரசாங்கத்தை அதுல பார்த்துட்டு வருவாங்க.

இன்னொண்ணும் தெரிஞ்சுக்கோ. ‘துக்ளக்’ வந்தப்போ கார்னாட் குடியிருந்தது மெட்ராஸ்ல. ஆக்ஸ்போர்டு யூனிவர்சிட்டி பிரஸ்ஸோட மெட்ராஸ் ஆபீஸ்ல 1963லேர்ந்து 1970 வரைக்கும் வேலை. மெட்ராஸ் பிளேயர்ஸ் குழுவோட நாடகம் போட்டுக்கிட்டிருந்தார். நம்மாளுங்க அவரை சினிமாவுல பார்க்கிறதுக்கு ரொம்ப முன்னாடியே அவர் நம்ம ஊர்ல இருந்திருக்கார்.

மத்ததை அல்சூர் அண்ணா வந்து சொல்லட்டும். இங்க ரவீந்திர கலாக்ஷேத்ரா நாடக அரங்குல வருஷக்கணக்கா விளக்கு போட்டவர் அவர்.

அல்சூர்_விளக்கு:

தம்பி, எழுத்தாளர். அதில் சந்தேகமே வேண்டாம்.

என்னைப் பற்றி இரண்டு வரி சொன்னால்தான் நான் எங்கிருந்து பேசுகிறேன் என்று உனக்குப் புரியும். எச்.ஏ.எல். விமானத் தொழிற்சாலையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். ஷிஃப்ட் முடிந்ததும் ஜே.சி. ரோடு ரவீந்திர கலாக்ஷேத்ராவுக்குப் போய்விடுவேன். கன்னட அமெச்சூர் குழுக்களுக்கு லைட்டிங் செய்வேன். சம்பளம் கிடையாது, ராத்திரி இட்லி காபி உண்டு. வீட்டில் தமிழ், மேடைக்குப் பின்னால் கன்னடம். கார்னாட்டின் நாடகங்களை நான் புத்தகத்தில் படிப்பதற்கு முன்னால் மேடை வெளிச்சத்தைக் கூட்டிக் குறைக்கும் டிம்மர் கைப்பிடியில் கை வைத்துக்கொண்டு கேட்டவன்.

அவர் பிறந்தது 1938ல், மாதேரானில். அப்பா டாக்டர். அம்மா இளம் வயதில் கணவனை இழந்து, கையில் ஒரு குழந்தையோடு நர்ஸ் வேலைக்குப் படித்தவர். பிறகு அந்த டாக்டரை மறுமணம் செய்துகொண்டார். அந்தக் காலத்தில் ஒரு பிராமணக் குடும்பத்தில் அதற்கு எவ்வளவு நெஞ்சுரம் வேண்டும் என்று யோசித்துப் பார். கார்னாட் நாடகத்துப் பெண்கள் ஏன் அவ்வளவு துணிச்சலாகப் பேசுகிறார்கள் என்று யாராவது கேட்டால் நான் அந்த அம்மாவிடமிருந்துதான் ஆரம்பிப்பேன்.

வளர்ந்தது சிர்சியிலும் தார்வாடிலும். ராத்திரி முழுக்க நடக்கும் கன்னடக் கூத்தான யட்சகானம், ஊருக்கு வந்து கொட்டகை போடும் கம்பெனி நாடகம், இரண்டும் பார்த்து வளர்ந்த பிள்ளை. தார்வாட் கர்நாடகா காலேஜில் கணக்கும் புள்ளியியலும் படித்தார். ரோட்ஸ் உதவித்தொகை கிடைத்து 1960ல் ஆக்ஸ்போர்டு போனார், அங்கே ஆக்ஸ்போர்டு யூனியன் என்கிற விவாத மன்றத்துக்குத் தலைவராகவும் வந்தார். இங்கிலீஷில் கவிதை எழுதிப் பெயர் வாங்க வேண்டும் என்பதுதான் அதுவரைக்கும் அவருக்கு இருந்த கனவு. ஆனால் ஊரை விட்டுக் கிளம்பும் நேரத்தில் கன்னடத்தில் ஒரு நாடகம் எழுதி முடித்திருந்தார். அதுதான் ‘யயாதி’. தார்வாட் மனோகர கிரந்தமாலை 1961ல் அதை வெளியிட்டது.

யயாதி கதை உனக்குத் தெரிந்திருக்கும். அப்பனின் முதுமையை மகன் புரு வாங்கிக்கொள்கிறான். பாரதத்தில் அதோடு புருவுக்குப் புகழ், கதை முடிந்தது. கார்னாட் என்ன செய்தார் தெரியுமா? புருவுக்கு ஒரு மனைவியைக் கொண்டுவந்தார். சித்ரலேகை. புதுசாகக் கல்யாணமாகி அரண்மனைக்குள் வந்தவள், விளக்கைத் தூக்கிப் புருஷன் முகத்தைப் பார்த்தால் ஒரு கிழவன். அவள் நேராக மாமனாரிடம் போய்க் கேட்கிறாள்: என் புருஷனின் இளமை உங்களிடம் இருக்கிறது என்றால், எனக்கு இனி நீங்கள்தானே? யயாதியிடம் பதில் இல்லை. அவள் விஷம் குடித்துச் சாகிறாள். இதை எழுதும்போது அவருக்கு வயது 22.

இந்த ஒரு நூலிழையைப் பிடித்துக்கொள். பழைய கதை யாரைக் கண்டுகொள்ளாமல் தாண்டிப் போனதோ, அந்த ஆளைத் தேடிப் பிடித்துக் கொண்டுவந்து மேடை நடுவில் நிறுத்துவார். கடைசி வரைக்கும் அவர் செய்த வேலை அதுதான் என்பது என் முடிவு.

‘துக்ளக்’கில் அந்த ஆள் அஜீஸ், ஒரு வண்ணான். இதைக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன், எனக்கு மிகவும் பிடித்த இடம் இது. கம்பெனி நாடகத்தில் ஒரு ஏற்பாடு உண்டு. நம் பாய்ஸ் கம்பெனி நாடகம் பார்த்த பெரியவர்கள் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள். தெருப் படுதாவை இறக்கி முன்னால் இரண்டு காமெடியன்கள் பேசிக்கொண்டிருப்பார்கள். பின்னால் சத்தமில்லாமல் தர்பார் செட் ஏறிக்கொண்டிருக்கும். படுதா தூக்கினால் ராஜா. ராஜா முன்காட்சிக்கு வரமாட்டார், காமெடியன் தர்பாருக்குள் போய் ராஜாவோடு சரிக்குச் சரி பேசமாட்டான். கார்னாட் இந்தக் கணக்கை அப்படியே எடுத்துத்தான் ‘துக்ளக்’கைக் கட்டினார். முன்னால் அஜீஸும் அவன் கூட்டாளி ஆஜமும், பின்னால் சுல்தான். ஆனால் ராஜ்யம் குலையக் குலைய இந்த இரண்டு பகுதிகளுக்கும் நடுவில் இருக்கும் கோடும் அழியத் தொடங்கும். கடைசியில் மகான் வேஷம் போட்டுக்கொண்டு அஜீஸ் சுல்தானுக்கு எதிரிலேயே வந்து நிற்பான். “உங்கள் கட்டளைகளை என் அளவுக்குப் புரிந்துகொண்டவர்கள் யாருமில்லை” என்கிற தோரணையில் பேசுவான். சுல்தான் அவன் தலையை வாங்கமாட்டார், உத்தியோகம் கொடுத்து அனுப்புவார்.

எங்கள் குழுவில் இதைப் போட்டபோது முன்காட்சிக்கு மஞ்சள் ஜெலட்டின் தாள், தட்டையான வெளிச்சம். தர்பாருக்குப் பக்கவாட்டில் இரண்டு ஸ்பாட், நிழல் நீளமாக விழும்படி. ஒவ்வொரு காட்சிக்கும் மஞ்சளைக் கொஞ்சம் கொஞ்சமாகப் பின்னால் கசியவிட்டேன். அஜீஸ் சுல்தான் முன்னால் நிற்கும்போது இரண்டு பேர் முகத்திலும் ஒரே வெளிச்சம். டைரக்டர் எதுவும் சொல்லித் தரவில்லை. வசனத்தைக் கேட்டுக்கொண்டே இருந்தால் கை தானாக அங்கே போகும். அப்படி எழுதப்பட்ட நாடகம் அது.

தலைநகரைத் தில்லியிலிருந்து தௌலதாபாத்துக்கு மாற்றியது, செப்புக் காசு செல்லும் என்று ஆணை போட்டது எல்லாம் நாம் பள்ளிக்கூடத்தில் படித்ததுதான். நாடகத்தில் பார்த்தால் சிரிப்பு வராது. கள்ளக் காசு மூட்டை மூட்டையாக வந்து குவியும். சுல்தான் அதை எல்லாம் தான் ஆசையாக வளர்த்த ரோஜாத் தோட்டத்தில் கொட்டச் சொல்வார். நேரு மறைந்ததும் 1964ல்தான். பெரிய கனவு கண்டு கைநழுவ விட்டவர்களின் கதையாக இதை அன்றைக்கு எல்லோரும் படித்தார்கள். கன்னடத்தில் சி.ஆர். சிம்ஹா சுல்தானாக நடித்ததை இங்கே பெரியவர்கள் இன்னும் பேசுவார்கள். தில்லியில் டைரக்டர் அல்காஸி புராணா கிலா என்கிற பழைய கோட்டையின் இடிபாடுகளையே மேடையாக்கிப் போட்டார், மனோகர் சிங் துக்ளக்.

சினிமாவைப் பற்றிப் பேச என்னைவிட நல்ல ஆள் இருக்கிறார். ஜாலஹள்ளி, வாருங்கள்.

ஜாலஹள்ளி_ரீல்:

வந்துட்டேன் சார். பிலிம் சொசைட்டியில வளர்ந்தவன்ங்கிறதால ஒரு திருத்தம். நடிகர்னு ஒதுக்கிடாதீங்க. திரைக்கதை எழுத்தாளரா அவர் செஞ்சது தனி வரலாறு.

‘சம்ஸ்காரா’, 1970. யு.ஆர். அனந்தமூர்த்தி நாவல், பட்டாபிராம ரெட்டி டைரக்‌ஷன், திரைக்கதை கார்னாட். பிராணேஷாச்சார்யா வேஷமும் அவரே. அந்தப் படத்துல வேலை செஞ்ச பலர் மெட்ராஸ் பிளேயர்ஸ்காரங்க. சந்திரியா நடிச்ச ஸ்நேகலதா ரெட்டி அந்தக் குழுவை ஆரம்பிச்சவங்கள்ல ஒருத்தர். அக்கிரகாரத்துல ஒரு பிணம் கிடக்கு, ஆசாரம் கெட்டவனாச்சே, யார் கொள்ளி வைக்கிறதுன்னு முடிவு பண்ண முடியாம ஊரே பட்டினி கிடக்கு. சென்சார் முதல்ல தடை போட்டுடுச்சு. அப்புறம் அதே படம்தான் சிறந்த படத்துக்கான தேசிய விருது வாங்குச்சு. கன்னடத்துக்கு அந்த விருது அதுதான் முதல் தடவை. கார்னாட்டோட முகத்தை அதுல பாருங்க தம்பி. காட்டுக்குள்ள நடக்கிறப்போ ஒரு வார்த்தை பேசமாட்டார், அந்த மனுஷனோட சாஸ்திரம் எல்லாம் ஒவ்வொண்ணா கழண்டு விழறது தெரியும்.

அடுத்த வருஷம் பி.வி. காரந்த்தும் அவரும் சேர்ந்து டைரக்ட் பண்ணின ‘வம்சவிருட்சா’, பைரப்பா நாவல். அதுக்கு டைரக்‌ஷனுக்குத் தேசிய விருது. ‘காடு’ 1973, ‘ஒந்தானொந்து காலதல்லி’ 1978. அதுலதான் நடிகர் சங்கர் நாக் பெரிய ஆளானார். இந்தியில ஷியாம் பெனகலோட ‘நிஷாந்த்’, ‘மந்தன்’ நடிப்பு. ‘பூமிகா’வுக்கு பெனகல், சத்யதேவ் துபே, இவர் மூணு பேரும் சேர்ந்து எழுதின திரைக்கதைக்குத் தேசிய விருது. ‘மந்தன்’ குஜராத் பால் விவசாயிகள் 5 லட்சம் பேர் ஆளுக்கு 2 ரூபாய் போட்டு எடுத்த படம். அதுல ஊருக்கு வர்ற கால்நடை டாக்டர் இவர்தான்.

இப்போ உங்க கேள்விக்கு வர்றேன், ஏன் மசாலா. வயித்துப்பாடு தம்பி. 1970ல மெட்ராஸ் வேலையை விட்டுட்டு எழுத்துலயே இருக்கணும்னு முடிவெடுத்தார். ஹோமி பாபா ஃபெலோஷிப் ரெண்டு வருஷம் தாங்குச்சு. அதுக்கப்புறம்? கன்னட நாடகம் எழுதி யாரும் வீட்டு வாடகை கட்ட முடியாது. அமெச்சூர் குழுக்கள்கிட்ட ராயல்டி கேட்டா நாடகமே போடமாட்டாங்க. சினிமாவுல நடிக்கிறது காசுக்காகன்னு அவர் எந்தப் பேட்டியிலயும் மறைச்சதில்லை. ‘காதலன்’ மாதிரி படங்கள்ல வாங்கின சம்பளம் அவருக்கு எழுதுறதுக்கு நேரம் கொடுத்துச்சு. எனக்கு அந்தக் கவர்னர் வேஷத்து மேல மரியாதைதான் வருது.

அதோட அந்த வேஷத்தையும் அவர் ஏனோதானோன்னு செய்யலை. கத்தி மிரட்டாம, படிச்ச மனுஷனோட குரல்ல மெதுவா பேசுற வில்லன் நமக்கு அப்போ புதுசு.

பிடிஎம்_நெல்லை:

ரொம்ப நன்றி அண்ணா, சார். சித்ரலேகை இடத்தைப் படிச்சுட்டு ஆபீஸ் கேன்டீன்ல அப்படியே உட்கார்ந்துட்டேன். அல்சூர் அண்ணா சொன்ன அந்த நூலிழை மத்த நாடகங்களுக்கும் பொருந்துமா? ஹுப்ளிக்காரங்க ‘நாகமண்டலா’தான் உசத்திங்கிறாங்க.

மல்லேஸ்வரம்_டீச்சர்:

நான் பதில் சொல்றேன்ப்பா. முப்பது வருஷம் பிள்ளைகளுக்கு இங்கிலீஷ் பாடம் எடுத்தவள். பாடத்திட்டத்தில் கார்னாட் வந்தால் அந்த வாரம் எனக்குப் பண்டிகை.

‘நாகமண்டலா’ 1988. கவிஞரும் நாட்டுப்புறவியல் அறிஞருமான ஏ.கே. ராமானுஜன் சொன்ன நாட்டுப்புறக் கதைகளிலிருந்து பிறந்தது. ராமானுஜனும் தமிழ்க் குடும்பம், மைசூரில் பிறந்தவர். நாடகம் ஒரு பாழடைந்த கோயிலில் ஆரம்பிக்கும். ஊரில் வீடுகளில் விளக்கை அணைத்ததும் அந்தச் சுடர்கள் எல்லாம் கோயிலுக்கு வந்து கூடி, தங்கள் வீட்டு வம்பைப் பேசும். எந்த எஜமானி கஞ்சம், எந்தப் புருஷன் எங்கே போகிறான் என்று. புடவை கட்டிய சுடர்கள்! அப்புறம் ஒரு கதையே பெண்ணாக வந்து உட்கார்ந்து தன்னைத் தானே சொல்லும். பிள்ளைகளுக்கு இதை வாசித்துக் காட்டினால் கடைசி பெஞ்சு வரைக்கும் வாயைத் திறந்து கேட்கும்.

கதையில் ராணி. புருஷன் அப்பண்ணா அவளை வீட்டுக்குள் வைத்துப் பூட்டிவிட்டு வேறொருத்தி வீட்டுக்குப் போகிறவன். மத்தியானம் வந்து குளித்து, சாப்பிட்டுப் போவான். அவனுக்கு வசிய வேர் அரைத்துப் போட்ட குழம்பு இரத்தமாய்க் கொதிக்க, பயந்துபோய்ப் புற்றில் கொட்டிவிடுகிறாள். அதைத் தின்ற நாகம் அவள்மேல் ஆசைப்பட்டு, ராத்திரியில் புருஷன் உருவத்தில் வருகிறது. பகலில் உதைக்கிறவனும் ராத்திரியில் கொஞ்சுகிறவனும் ஒரே ஆள் என்று அவள் நம்ப வேண்டும்.

ஆனால் அல்சூர் சாரோடு நான் ஒத்துப்போகாத இடம் உண்டு. ராணியை மேடை நடுவில் நிறுத்துகிறார், சரி. பஞ்சாயத்தில் அவள் நாகத்தைக் கையில் பிடித்துச் சத்தியம் செய்ததும் ஊரே அவள் காலில் விழுகிறது, புருஷன் திருந்துகிறான், குழந்தை பிறக்கிறது. அவள் பட்ட அடிக்கு யார் பதில் சொன்னார்கள்? அம்மனாக்கிவிட்டால் கணக்கு முடிந்துவிடுமா? சித்ரலேகையிடம் இருந்த கோபம் ராணியிடம் இல்லையே என்பது என் வருத்தம். கார்னாட்டின் இன்னொரு நாடகமான ‘பலி’யில் வரும் அரசி அதைவிடப் பெரிய பாத்திரம் என்பேன். மாவால் செய்த சேவலைப் பலி கொடுத்தால் பாவமா இல்லையா என்று புருஷனையும் மாமியாரையும் எதிர்த்து ஒருத்தி வாதாடுகிறாள். மனதில் நினைத்த வன்முறையும் வன்முறைதானே என்கிற ஜைனக் கேள்வி அது.

அல்சூர்_விளக்கு:

டீச்சரம்மா, ஊர் கும்பிட்டதும் ராணி முகத்தைப் பாருங்கள். ராத்திரி வந்தது புருஷன் இல்லை என்று அவளுக்குப் புரிந்துவிடும், வாய் திறந்து சொல்ல மட்டும் முடியாது. ஒரு முடிவில் அந்த நாகத்துக்குத் தன் கூந்தலுக்குள்ளேயே இடம் கொடுக்கிறாள். அவளுடைய பதில் அதுதான் என்று நினைக்கிறேன். நீங்கள் சொன்ன கோபம் குறைவு என்பதை மட்டும் ஏற்றுக்கொள்கிறேன்.

தம்பிக்கு இன்னும் கொஞ்சம். ‘ஹயவதனா’வை விட்டுவிடாதே, 1971. இரண்டு பேர் ஆளுயரத் திரை ஒன்றைப் பிடித்துக்கொண்டு வருவார்கள். அதற்குப் பின்னால் குதிரைத் தலை மனிதன். திரையைக் கொஞ்சம் இறக்குவார்கள், ஏற்றுவார்கள், கூட்டம் எம்பி எம்பிப் பார்க்கும். யட்சகானத்தில் சின்ன வயதில் பார்த்ததை அப்படியே கொண்டுவந்தார். பி.வி. காரந்த்தின் ‘பெனகா’ குழு போட்டபோது அந்தப் பாட்டுகளைக் கேட்டுவிட்டு ஜே.சி. ரோடு முழுக்கப் பாடிக்கொண்டே நடந்துபோனவர்களை எனக்குத் தெரியும்.

பதவிகளும் விருதுகளும் நிறைய. புனே திரைப்படக் கல்லூரி இயக்குநர், சங்கீத நாடக அகாடமி தலைவர், லண்டன் நேரு சென்டர் இயக்குநர், 1998க்கான ஞானபீடம். அதெல்லாம் எங்கே தேடினாலும் கிடைக்கும்.

நான் சொல்ல விரும்புவது அவருடைய கடைசி வருஷங்களை. நுரையீரல் சரியில்லை. மூக்கில் ஆக்சிஜன் குழாயோடு சினிமாவில் நடித்தார், கூட்டங்களுக்கு வந்தார். 2018 செப்டம்பரில், கொலையுண்ட பத்திரிகையாளர் கௌரி லங்கேஷ் நினைவுக் கூட்டத்தில் ‘நானும் நகர்ப்புற நக்சல்’ என்று கழுத்தில் அட்டை மாட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அவர் அரசியலோடு சண்டை போட்டவர்கள் இந்த ஊரில் ஏராளம், நாடகத்துக்கு முதல் வரிசையில் வந்து உட்கார்ந்தவர்களிலும் அவர்கள் உண்டு. அதே வருஷம்தான் தலைக்கோட்டைப் போரை வைத்து எழுதிய ‘ராக்ஷஸ தங்கடி’ வந்தது. மூச்சு விட முடியாத 80 வயதில் விஜயநகரம் விழுந்த கதையை ஒரு மனிதர் எழுதி முடித்தார் என்பதை நினைத்தால் எனக்கு இப்போதும் மெய்சிலிர்க்கிறது. 2019 ஜூன் 10ந் தேதி இங்கேதான் காலமானார். அரசு மரியாதை வேண்டாம், சடங்கு வேண்டாம் என்று சொல்லி வைத்திருந்தார், அப்படியே நடந்தது.

ராஜாஜிநகர்_செல்வி:

தம்பி, படிக்கிறதுக்கு. எழுத்தாளர் பாவண்ணன் ‘நாகமண்டலம்’, ‘பலிபீடம்’ ரெண்டையும் தமிழ்ல கொண்டுவந்திருக்கார். அவரும் நம்ம பெங்களூர்க்காரர்தான். ‘துக்ளக்’, ‘ஹயவதனா’ ரெண்டுக்கும் கார்னாட் தானே எழுதின இங்கிலீஷ் வடிவம் இருக்கு, சுலபமா கிடைக்கும். சுயசரிதை ‘ஆடாடுதா ஆயுஷ்ய’ கன்னடத்துல 2011, இங்கிலீஷ்ல 2021.

பார்க்கிறதுக்கு ஜே.பி. நகர் ரங்க சங்கரா நாடக அரங்கம். உன் பி.டி.எம்.லேர்ந்து பக்கம்தான். நடிகை அருந்ததி நாக் முன்ன நின்னு 2004ல திறந்தது. கார்னாட்டோட ‘ஒடகலு பிம்பா’ அங்கதான் மேடையேறிச்சு. அருந்ததி நாக் ஒத்தை ஆளா நின்னு, டிவியில தெரியுற தன்னோட உருவத்தோடயே வாதாடுவாங்க. திங்கட்கிழமை லீவு. ராத்திரி ஏழரைன்னா ஏழரைக்குக் கதவு சாத்திடுவாங்க, அப்புறம் யார் வந்தாலும் உள்ள விடமாட்டாங்க. அங்க கீழ கேன்டீன்ல அக்கி ரொட்டி நல்லா இருக்கும், ஏழு மணிக்கே வந்துடு.

உன் ஹுப்ளிக்காரங்களையும் கூட்டிட்டு வா. கார்னாட் நாடகம் அடுத்து எப்போன்னு பார்த்துட்டு இதே இழையில தேதி போடறேன். டீச்சரும் அண்ணாவும் வர்றதா இருந்தா சொல்லுங்க, டிக்கெட் சேர்த்து எடுத்துடலாம்.